ஆட்டுத்தலை தின்ற வங்கிக்காரன்

அன்பு ராய்கான்,

நீயும் பிள்ளைகளும் சுகம்தானே? இங்கே எண்ணெய் வயலில் கடும்பனி, எனக்கொன்றுமில்லை.

வீட்டுக்கடன் எவ்வளவு குறைந்திருக்கிறது என்று வங்கிக்காரன் தொலேகனிடம் ஃபோனில் கேட்டேன். "இதுவரைக்கும் கட்டினதெல்லாம் வட்டிக்கே சரியாப்போச்சு அண்ணே. கடன் முடியறதுக்குள்ள மூணு வீட்டு விலை கட்டியிருப்பீங்க" என்று கூசாமல் சொல்கிறான். கையெழுத்து வாங்கும்போது வாயில் கொழுக்கட்டையா வைத்திருந்தான்? வீடு தந்த மகராசன் என்று, புதுவீட்டு விருந்தில் அப்பாவுக்கு வைக்கவேண்டிய ஆட்டுத்தலையை அவன் முன்னால் வைத்தோமே! பிள்ளைகளுக்குத் தரவேண்டிய காதையும் அவனே தின்றானே!

கம்பளிக் காலுறை அனுப்பு. அடுப்படி ஜன்னலில் என்ன தெரியும் என்றும் எழுது, மறந்துவிட்டது.

ஷிஃப்ட் வண்டி வந்துவிட்டது. தொலேகன் மறுபடி வீட்டுக்கு வந்தால் கோப்பையை விளிம்பு வரை நிரப்பி டீ கொடு. 'எழுந்து போ' என்ற அர்த்தம் அவனுக்கும் தெரியும்.

உன் தௌலத்