சாத்திய அறைக்குள் கமெரா

புங்குடுதீவு
18.6.1975

அன்பு மகன் குலேந்திரனுக்கு,

கண்ணகை அம்மாள் புண்ணியத்தில நானும் தங்கச்சி மீனலோசனியும் சுகமாய் இருக்கிறம், அங்க நீயும் உன்ர கமெராவும் சுகமோ. லண்டனிலயிருந்து லீவில வந்த சத்தியபாமா நேற்று இஞ்ச வந்தவள், ரெலிவிசனில உன்ர படம் பார்த்தவளாம். மகனுக்கு என்ன வேலை எண்டு ஆரும் கேட்டால் படம் பிடிக்கிறான் எண்டுவன், எந்த நடிகையை எண்டு கேட்பினம், கத்தரிக்காயையும் கணவாயையும் எண்டு சொல்ல எனக்கு வெட்கமாக் கிடக்கு. உன்ர ஐயா காலி ரவுணில சாப்பாட்டுக் கடை வைச்சு முப்பது வருஷம் சனத்தின்ர பசியை ஆத்தினவர், நீ சோத்தைத் தூரத்தில நிண்டு காட்டி வெள்ளைக்காரனுக்கு வாயூற வைக்கிறாய், அதுக்கொரு பரிசும் தந்தவங்களாம், நல்லாயிருக்கு!

அது போகட்டும், மற்றதைக் கேட்டுத்தான் எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. படத்தில ஒரு வாழையிலையாம், சுறா வறை, கணவாய்க் கறி, ஒடியல் பிட்டு, பக்கத்தில ஒரு சுருட்டாம், அறைக் கதவு சாத்தியிருக்காம், ஆக்கள் ஒருத்தருமில்லையாம், ஆவி மட்டும் எழும்புதாம். அட பாவி, அது ஐயா கண் மூடின எட்டாம் நாள் வைச்ச எட்டுச் செலவுப் படையலெல்லோ! செத்த மனுசன் வந்து ஆறுதலாச் சாப்பிடட்டும் எண்டு நாங்கள் எல்லாரும் வெளியில வந்து கதவைச் சாத்தினம், நீ கிணத்தடிக்குப் போட்டாய் எண்டு நினைச்சம், நீ அலுமாரிக்குப் பின்னால நிண்டிருக்கிறாய். யன்னல் திறந்து கிடந்ததுக்கு அண்டைக்கு நான் மீனலோசனியை ஏசின ஏச்சில பிள்ளை அழுதது, துரைக்கு வெளிச்சம் தேவைப்பட்டிருக்கு என்ன! கடைக்காரன் தின்னுறதைச் சனம் பார்க்கக்கூடாதெண்டு ஆயுள் முழுக்கக் குசினி மூலையில சுவரைப் பார்த்துக்கொண்டு சாப்பிட்ட மனுசன் அவர். நீ கண்ணாடிக்குள்ளால முழிச்சுக்கொண்டு நிண்டால் வாய் வைச்சிருப்பாரோ? பசியோட திரும்பிப் போனாரோ எண்டு நினைக்க நேற்றிலயிருந்து எனக்குச் சோறு இறங்கேல்லை.

ஐயாவுக்கு வருஷம் முடியிற ஆட்டத்திவசம் வாற ஆவணியில. ஒரே ஆம்பிளைப் பிள்ளை நீ, கட்டாயம் வர வேணும், கமெரா வரக்கூடாது. இந்த முறை கதவைச் சாத்தேக்கை நீ வெளியில எனக்குப் பக்கத்தில நிற்க வேணும். அங்கத்தைக் குளிருக்குள்ள பச்சைத் தண்ணியில தலை முழுகாதை. அம்மாள் உன்னை ஒரு குறையுமில்லாமல் வைச்சிருக்கட்டும்.

இப்படிக்கு,
உன்ர அம்மா
ஆ. அன்னபூரணம்

பி.கு.: ஏசினதை மனசில வைச்சிருக்காதை. அண்டைக்கு உள்ளுக்கு நிண்டது நீ ஒருத்தன்தான். ஐயா வந்தவரோ? மறைக்காமல் எழுது.