பானை விழுந்த கப்பல்

9-1-79, செவ்வாய்

வேலூர்ப் பொது அறிவுப் போட்டிக்குப் பஞ்சாட்சரம் சார் என் பெயரைக் கொடுத்துவிட்டார். பிப்ரவரி பதினேழு. அதற்காகத் தனி நோட்டு. முன்பக்கம் சாருக்கு, பின்பக்கம் எனக்கு. எல்லோரும் தூங்கியதும் எழுதிவிட்டு, கேழ்வரகு மூட்டைக்கு அடியில் ஒளித்துவைக்கிறேன்.

இன்று சார் சொன்னவை: 1914இல் எம்டன் கப்பல் சென்னைமேல் குண்டு போட்டது. நீலத் திமிங்கலத்தின் நாக்கே ஒரு யானை எடை. ஹானிபால் என்ற தளபதியிடம் கப்பல்கள் குறைவு. அதனால் விஷப்பாம்புகளை மண்பானைகளில் அடைத்து எதிரியின் கப்பல்களில் எறியச் சொன்னான். பானைகள் விழுந்தபோது எதிரிகள் சிரித்தார்களாம். உடைந்த பிறகு சிரிக்கவில்லை.

அப்பாவிடம் சொன்னேன். இறவாரத்தில் தொங்கும், தேனீ வளர்க்கும் பானையைப் பார்த்துக்கொண்டு நின்றார். இன்று குடிக்கவில்லை. "பானைக்குள்ளாற பாம்பா! நல்ல பைத்தியக்காரப் பசங்க" என்று இருமல் வரும்வரை சிரித்தார். நானும் பானையருகே போனேன். "மெதுவா வா பாப்பா. நானே சாராயம் குடிச்ச அன்னிக்கு இதாண்ட வர மாட்டேன். அந்த வாடை இதுங்களுக்கு ஆவாது" என்றார்.

11-1-79, வியாழன்

காட்டிலாகா அதிகாரி ஒருவர் பள்ளிக்கு வந்து மரங்களைப் பற்றிப் பேசினார். சந்தன மரம் பக்கத்து மரத்தின் வேரை உறிஞ்சித்தான் வாழும், யாராவது பார்த்திருக்கிறீர்களா என்று கேட்டார். நான் எழுந்து, "பார்த்திருக்கேன் சார். சந்தன வேர் இன்னொரு வேரைக் கவ்விப் பிடிச்சிருந்தது" என்றேன்.

"எங்கேம்மா?"

"எங்க கொல்லைக்கு மேல."

எல்லோரும் கைதட்டினார்கள். அவர் சின்ன நோட்டில் ஏதோ குறித்துக்கொண்டார்.

15-1-79

வேரைத் தோண்டினால்தானே பார்க்க முடியும்? அப்போது ஏன் எனக்கு உறைக்கவில்லை? காலையில் காட்டிலாகா ஜீப் வந்தது. அப்பா திருட்டுத்தனமாக வெட்டிக் கொல்லைக்கு மேலே புதைத்திருந்த சந்தனக்கட்டை முழுவதையும் எடுத்துப் போனார்கள். அப்பா காட்டுக்குள் ஓடித் தப்பித்தார்.

பொங்கல் பானை அடுப்பிலேயே தீய்ந்தது.

16-1-79

கட்டை வாங்கும் ஆள், சந்தவாசல் பக்கமிருந்து நான்கு பேரை அனுப்பினான். ராத்திரி திரும்பி வந்திருந்த அப்பாவைப் புளியமரத்தில் கட்டினார்கள். "சடையா, காட்டிக் குடுத்துட்டு எங்களாண்டயே நடிக்கிறியா?" சைக்கிள் செயினால் அடித்தார்கள். முதுகுத் தோல் செயினோடு வந்தது. "ஒரு வாரம் டைம். எவன் சொன்னான்னு நீயே கண்டுபுடிச்சிச் சொல்லு. இல்லன்னா நீதான்."



17-1-79

அப்பா குடித்துவிட்டு வந்தார். அம்மாவின் தலைமுடியைக் கையில் சுற்றிக்கொண்டு, "உன் அண்ணனாண்ட சொன்னியா? யாராண்டடி சொன்ன, மங்கம்மா?" என்று அம்மாவின் முகத்தை உரலில் மோதினார். ஒரு பல் என் காலருகே வந்து விழுந்தது.

அம்மா, "எனக்குத் தெரியாதுங்க" என்றே சொல்லிக்கொண்டிருந்தாள்.

எனக்குத் தெரியும். எனக்கு மட்டும்தான் தெரியும்.

19-1-79

இன்றும். அம்மாவின் இடது கை முழங்கைக்குக் கீழே வேறு பக்கம் திரும்பியிருக்கிறது. மூங்கில் பத்தை வைத்து நான்தான் கட்டினேன். "நீ படி கண்ணு. போட்டிக்குப் போவணும்ல" என்கிறாள். சொல்லிவிடலாமா? சொன்னால் என்னைக் கொன்றுவிடுவார். சொல்லாவிட்டால் அம்மாவை.

20-1-79

சார் எழுதிப்போட்டது: ஒரு தேனீ கொட்டினால் அந்த வாசனை மற்ற தேனீக்களையும் அழைக்கும்.

22-1-79, திங்கள்

நாளையோடு வாரம் முடிகிறது. அப்பா கோடாலியைத் தீட்டினார். "நாளைக்கு நீயா சொல்ற. இல்லன்னா உன் தலைய எடுத்துக்கினு போயி அவனுங்களாண்ட போட்டுடுவேன்" என்றார் அம்மாவிடம். கத்தவில்லை. நிதானமாகச் சொன்னார். அதுதான் பயம்.

இருட்டியதும், தேனீக்கள் உள்ளே அடைந்த பிறகு, பானையின் ஓட்டையில் துணியைத் திணித்துக் களிமண் பூசினேன். உள்ளே இரைச்சல். வலது கையில் இரண்டு கொட்டு வாங்கினேன். ஹானிபாலிடமும் கப்பல்கள் குறைவுதான்.

24-1-79

வலது கை வீங்கிவிட்டது. இடது கையால் எழுதுகிறேன்.

நேற்று சாயங்காலம் நிறையக் குடித்து வந்தார். அம்மாவை முற்றத்துக்கு இழுத்துவந்து, கழுத்தில் காலை வைத்துக் கோடாலியை ஓங்கினார். நான் பானையை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றேன்.

"நான்தாம்ப்பா சொன்னேன். இஸ்கூல்ல கேட்டாங்க. பதில் சொன்னேன்."

திரும்பிப் பார்த்தார். என் கையில் இருந்ததைப் பார்த்துச் சிரித்தார். "இன்னாடி, கப்பல் சண்டையா?"

எறிந்தேன்.

அவர் நெஞ்சில் பட்டு உடைந்தது. கொஞ்ச நேரம் அவருக்கு முகமே இல்லை, கருப்பாக அசைந்தது. அவர் கத்தக் கத்த, வாய்க்குள்ளும் போயின. நான் கம்பளியைப் போர்த்தி அம்மாமேல் படுத்துக்கொண்டேன். அப்பா கண் தெரியாமல் கொல்லைப் பக்கம் ஓடினார். கடைசி வரப்புக்குக் கீழே பாறை. விழுந்த சத்தம் கேட்டது. பிறகும் கத்தினார். பிறகு கத்தவில்லை.

அப்பா செத்துவிட்டாரா என்று போய்ப் பார்த்தது அம்மாதான்.

4-2-79

அப்பா இன்னும் ஆஸ்பத்திரியில். இடுப்பு முறிந்துவிட்டது. இனி நடக்கமாட்டார் என்றார்கள். வலது கண்ணும் போய்விட்டது. விசாரிக்க வந்தவர்களிடம், "தேன் எடுக்கச்சொல்ல கொட்டிடுச்சி. ஓடி வுழுந்துட்டேன்" என்றாராம். ஏன் அப்படிச் சொன்னார்? கட்டைக்காரனின் ஆட்கள் வந்து பார்த்துவிட்டுத் திரும்பிப் போனார்கள்.

18-2-79, ஞாயிறு

இரண்டாவது இடம். ஒரே ஒரு கேள்வியில் போய்விட்டது. பஸ்ஸில் சார் வழியெல்லாம் திட்டினார். "பச்சையம்மா, நான் எழுதிப்போட்டதுதானே! வாயில இன்னா, கொழுக்கட்டையா வெச்சிருந்த?"

அப்பாவைப் போன வாரம் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். கூரைக்குள் ஓர் ஈ வந்தாலும் போர்வைக்குள் தலையை இழுத்துக்கொள்கிறார். அம்மா ஒரு கையால் அதை விரட்டிவிட்டு, அவருக்குக் களி ஊட்டுகிறாள். நான் விளக்கடியில் எல்லோரும் பார்க்கத்தான் எழுதுகிறேன்.

"எல்லாத்துக்கும் பதில் சொன்னியா கண்ணு?" என்றாள் அம்மா.

"ஒண்ணுக்குத் தெரியாதுன்னுட்டேன்."

கட்டிலிலிருந்து அப்பா கேட்டார். "இன்னா கேள்வி அது?"

இருபத்தாறு நாளில் என்னிடம் பேசிய முதல் வார்த்தை. சொன்னேன். பானைகளை எறியச் சொன்ன தளபதி யார் என்று கேட்டார்கள்.

அம்மாவின் கை தட்டிலேயே நின்றது. அப்பா ஒற்றைக் கண்ணால் கூரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அந்தக் கப்பல்காரனுங்க," என்றார், "சிரிச்சாங்களே. அப்பால இன்னா ஆனாங்க?"

"தோத்துட்டாங்கப்பா."