யோனானின் ஊர்

செவ்வாய், ஒக்டோபர் 14

இன்று தொழிற்சாலையில் சாப்பாட்டு நேரத்தில், துருக்கியிலிருந்து வந்து புதிதாகச் சேர்ந்த மெஹ்மெத் தன் ஊர்ப் படத்தைக் காட்டினான். பக்கத்தில் இருந்த, அதே நாட்டிலிருந்து அகதியாக வந்த அசீரியக் கிறிஸ்தவரான யோனானின் முகம் வெளிறிப் போனது.

"இது எங்கட ஊர். இந்த வைக்கோல் அடைஞ்சு கிடக்கிற கட்டடம் எங்கட சேர்ச். எங்களைத் துரத்திப்போட்டு நீங்கள் குடியேறினியள்."

"நான் அங்கை பிறந்தனான். எனக்கு என்ன தெரியும்?" என்றான் மெஹ்மெத்.

யோனான் அவன் சட்டையைப் பிடித்துவிட்டார். நான்தான் நடுவில் புகுந்து விலக்கினேன்.

வேலை முடிந்து பஸ்ஸுக்கு நின்றபோது யோனான் சொன்னார்: "உனக்குத்தான் இது விளங்கும். நீயும் ஊரை இழந்தவன்."

ஓம் என்றேன். யாழ்ப்பாணத்தில் நாங்கள் கடைசியாக இருந்தது, எங்கள் ஆட்களே துரத்திவிட்ட ஒரு முஸ்லிம் குடும்பத்தின் வீட்டில். அதை அவரிடம் சொல்லவில்லை. நாளைக்கும் பஸ்ஸில் எனக்கு இடம் பிடித்து வைத்திருப்பார்.