அறுபத்திரண்டாம் வினாவில் ஒரு ‘க்’

அனுப்புநர்
தேர்வு எண் 20417
(தங்கள் கோப்பில் எனக்கு வேறு பெயர் இல்லை),
மெய்ப்புத் திருத்துநர், தனியார் அச்சகம்.

பெறுநர்
ஆட்சேர்ப்புச் செயலர்,
அரசு அச்சகத் துறை.

பொருள்: மெய்ப்புத் திருத்துநர் தேர்வு – தவறான விடைக்குறிப்பு – நீதிமன்றத் தீர்ப்பைத் தாங்கள் நிறைவேற்றிய விதம் – புகார்.

பார்வை: தங்களின் நிராகரிப்பு ஆணை. அதன் எண்ணைப் படிக்க முடியவில்லை; முத்திரை அதன் மேலேயே விழுந்திருக்கிறது.

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். இதற்கு முன் ஆறு மனுக்களைப் பணிவுடன் எழுதினேன். இந்த ஏழாவதில் பணிவு கொஞ்சம் குறையும். பொறுத்தருள்க.

1. பதினான்கு ஆண்டுகளாக அச்சகத்தில் பிழை திருத்துகிறேன். பாடநூல், அழைப்பிதழ், மருந்துப் பெட்டியின் மேலுறை எல்லாம் என் கண்ணைக் கடந்துதான் போகும். விட்டுப்போன ஒற்றையும் வேண்டாத ஒற்றையும் விடாமல் பிடிப்பதால், கூட வேலை செய்பவர்கள் எனக்கு ‘ஒற்றக்கா’ என்று பெயர் வைத்துவிட்டார்கள். நான் உள்ளே நுழைந்தால் இயந்திரம் ஓட்டும் அண்ணன், “ஒற்றக்கா வருதுடா, எல்லாரும் ஒழுங்கா நில்லுங்க” என்று அச்சான எழுத்துகளைப் பார்த்துச் சொல்வார்.

2. தங்கள் துறை இதே பணிக்குத் தேர்வு வைத்தது. 62ஆம் வினா: ‘பணி கேட்கும் பிழையற்ற தொடர் எது? (அ) எனக்கு வேலைக் கொடு. (ஆ) எனக்கு வேலை கொடு.’ நான் ‘ஆ’ என்று எழுதினேன். தங்கள் விடைக்குறிப்பு ‘அ’ என்றது. தேர்ச்சிக்கு 71 வேண்டும், எனக்கு 70. ஒரு ‘க்’ என் வாயில் மண்ணைப் போட்டது.

3. ‘வேலைக் கொடு’ என்றால் வேல் என்ற ஆயுதத்தைக் கொடு என்று பொருள். சரியாக எழுதிய நான் வெளியே நிற்கிறேன். தவறாக எழுதியவர்கள் உள்ளே உட்கார்ந்து ஊரார் எழுத்தைத் திருத்துகிறார்கள்.

4. ஆட்சேபம் தெரிவிக்க மூன்று நாள் தந்தீர்கள். முதல் நாளே இலக்கண நூலுடன் வந்தேன். தங்கள் பிரிவு எழுத்தர் அதைப் புரட்டிக்கூடப் பார்க்காமல், “ஒரு எழுத்துதானேம்மா, இதுக்கா இவ்ளோ தூரம் வந்தீங்க?” என்றார். ஐயா, அந்த ஓர் எழுத்தைப் பார்க்கத்தான் தாங்கள் ஆள் எடுக்கிறீர்கள்.

5. நீதிமன்றம் போனேன். பதினெட்டு மாதங்கள். “உனக்குத் தேவையா இது?” என்று கேட்காத உறவினர் இல்லை. என் கணவர் மட்டும் கேட்கவில்லை. ஒவ்வொரு முறையும் சாப்பாட்டைக் கட்டிக்கொண்டு பேருந்து நிறுத்தம்வரை வந்தார். நீதிபதி இரண்டு தொடர்களையும் உரக்கப் படித்தபோது தங்கள் வழக்கறிஞர் உட்பட எல்லோரும் சிரித்தார்கள். எனக்கு அழுகைதான் வந்தது. வேறொரு மொழி வல்லுநரிடம் கேட்டு ஆறு வாரங்களில் முடிவெடுக்க வேண்டும் என்று தீர்ப்பானது.

6. தாங்கள் யாரிடம் கேட்டீர்கள்? அந்த வினாவை எழுதியவரிடமே. தன் விடை சரி என்று அவரே சான்று கொடுத்தார். கீழே தாங்கள் கையொப்பமிட்டீர்கள். கண்ணை மூடிக்கொண்டு போட்ட கையெழுத்து என்றே நம்ப விரும்புகிறேன். தெரிந்தே போட்டிருந்தால் அதைப் பிழை என்று சொல்ல மாட்டேன், அயோக்கியத்தனம் என்பேன்.

7. தேர்ச்சிப் பட்டியல் இம்மாதம் முப்பதாம் தேதியுடன் காலாவதியாகிறது. அடுத்த தேர்வுக்கு எனக்கு வயது கடந்துவிட்டது. இழுத்தடித்தால் நான் ஓய்ந்துபோவேன் என்று நினைத்திருந்தால், அது தப்புக்கணக்கு.

ஆகவே, விடைக்குறிப்பைத் திருத்தி, எனக்குரிய ஒரு மதிப்பெண்ணைச் சேர்த்து, இன்னும் காலியாக உள்ள ஓரிடத்தில் முப்பதாம் தேதிக்குள் என்னை நியமிக்கக் கோருகிறேன். தவறினால் மறுநாள் காலையே நீதிமன்ற அவமதிப்பு வழக்குத் தொடுப்பேன்.

தங்கள் ஆணையை இத்துடன் திருப்பி இணைத்துள்ளேன். ஒரே பக்கத்தில் ஒன்பது பிழைகள். எட்டைத் திருத்திவிட்டேன். ஒன்பதாவது கடைசி வரியில் இருக்கிறது: ‘மனுதாரருக்கு வேலைக் கொடுக்க இயலாது.’ அதை மட்டும் சிவப்பு மையால் வட்டமிட்டு அப்படியே விட்டிருக்கிறேன். அந்த ‘க்’ உள்ளவரை தாங்கள் எனக்கு மறுத்திருப்பது ஓர் ஆயுதத்தை மட்டுமே. அதை நான் கேட்கவே இல்லை. நான் கேட்ட பணியைத் தாங்கள் இன்னும் மறுக்கவில்லை. கொடுங்கள்.

இடம்: தங்கள் அலுவலக வராந்தா, கால் உடைந்த பெஞ்சு
நாள்: பதினான்காம் தேதி, முற்பகல்

இப்படிக்கு,
எழுந்து போகாத,
தேர்வு எண் 20417