முதல் திரி

மார்ச் 12, வியாழன்

காலையில் வகுப்பில் கிரேக்க வரலாறு எடுத்தேன். தன்னோடு சேர்ந்த நகரங்களையே ஏதென்ஸ் அடக்கி ஆளப் போய், அவை ஒவ்வொன்றாக ஸ்பார்ட்டாவின் பக்கம் சாய்ந்த கதை.

மாலையில், நான் அதிபராக இருக்கும் மவுண்ட் ஆல்பர்ட் உட்பட, நகரின் மூன்று தமிழ்ப் பள்ளிகளின் விளையாட்டுப் போட்டிக்கான கூட்டம். மங்கள விளக்கின் முதல் திரியை யார் ஏற்றுவது என்பதிலேயே இரண்டு மணி நேரம் போய்விட்டது. எல்லோருக்கும் அலுத்துவிட்டது.

"மூண்டு பேரும் சேர்ந்து ஏத்துவம், சேர்," என்றார் மனுகாவ் பள்ளி அதிபர்.

"போட்டிக்கு மைதானம் எடுத்துத் தந்தது நாங்கள், மவுண்ட் ஆல்பர்ட். முதல் திரியும் எங்களுக்குத்தான்," என்றேன். எனக்கே என் குரல் பிடிக்கவில்லை. ஆனாலும் சொன்னதில் நின்றேன்.

அவர் "ஓம், சரி" என்று மட்டும் சொன்னார். பிறகு தேநீர்க் கோப்பையை எடுத்துக்கொண்டு போய் த்ரீ கிங்ஸ் பள்ளி அதிபருக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார்.

இனி நடக்கப்போவதைக் காலையில் நானே பலகையில் எழுதியிருந்தேன்.