தகர டப்பாவில் இருந்த தாள்

அம்பத்தூர்
14.11.1989

அன்புள்ள அம்மா,

உனக்கு இதைப் படித்துச் சொல்பவருக்கும் என் வணக்கம். நான் நலம். உனக்குக் காய்ச்சல் விட்டதா?

நேற்று போண்டா சுற்றி வந்த பத்திரிகைத் தாளில் எண்ணெய் ஊறி, பின்பக்கத்துக் கப்பல் படம் தெரிந்தது. பிரித்துப் படித்தேன். அந்தக் காலத்தில் வடதுருவப் பக்கம் வழி தேடிப் போய்ப் பனியில் சிக்கிய கப்பலாம். அதில் இருந்தவர்கள் "எல்லோரும் நலம்" என்று ஒரு தாளில் எழுதி, தகர டப்பாவில் போட்டு, கரையில் கல் குவித்து மூடி வைத்தார்கள். அடுத்த வருடம் அதே தாளின் ஓரத்தில், இருபத்து நாலு பேர் இறந்துவிட்டதாக எழுதினார்கள். அதற்குப் பிறகும் அங்கே வேறு ஆட்கள் போய்க்கொண்டேதான் இருந்தார்களாம்.

எங்கள் கம்பெனியில் பனி நாட்டுக்குத்தான் கோட்டு தைக்கிறோம். இதையே நினைத்துக்கொண்டு ஒரு கோட்டுக்கு இரண்டு இடது கை வைத்துத் தைத்துவிட்டேன். சூப்பர்வைசர் பஞ்சவர்ணம் அக்கா தூக்கிக் காட்டினார். "இன்னாடி இது, பனிக்கரடி கூட இத்த போட்டுக்காது. எங்க பூட்டே நீ?" எல்லோரும் சிரித்தார்கள். நான் பிரித்துத் தைத்தேன்.

இதற்கு முன் நான் போட்ட மூன்று கடிதத்துக்கும் பதில் இல்லை. உனக்கு எழுதித் தர ஆள் கிடைக்கவில்லை போலும். மணி அடிக்கிறது, முடிக்கிறேன். ஒரு கார்டில் என் விலாசத்தையும் "எல்லோரும் நலம்" என்பதையும் நானே எழுதி இதனுடன் வைத்திருக்கிறேன். நீ பெட்டியில் போட்டால் போதும். வேறு ஏதாவது இருந்தால் எழுத, ஓரத்தில் இடம் விட்டிருக்கிறேன்.

வனஜா