உன்ர முகத்தை வெள்ளையாக்க விடமாட்டன்

டென்மார்க்கிலேயே நிண்டுவிட்ட என்ர அக்காவுக்கு,

வாற ஞாயிறு நீ எங்களை விட்டுப்போன முப்பத்தோராம் நாள். மண்டபம் எடுத்தாச்சு, ஐயருக்கும் சொல்லியாச்சு. வாறவைக்குக் குடுக்கிற நினைவு மலர் மட்டும்தான் மிச்சம். அதிலைதான் பிரச்சினை.

நேற்று இங்கை பார்க் எக்ஸ்டென்ஷன் பக்கம் இருக்கிற எங்கட ஆக்களின்ர அச்சகத்துக்குப் போனன். நான் குடுத்தது, படப்பிடிப்பில் பிரஷ்களை இடுப்பில் செருகிக்கொண்டு நீ சிரிக்கிற படம். அச்சக அண்ணை கம்ப்யூட்டரில் காட்டினது ஆரோ ஒரு வெள்ளைக்காரியை. "முகத்தைக் கொஞ்சம் வெளிப்பாக்கி விட்டனான் தங்கச்சி. எல்லாரும் அப்பிடித்தான் கேக்கிறவை," எண்டார். நல்ல மனுசன்தான். எண்டாலும் எனக்குப் பத்திக்கொண்டு வந்தது.

அக்கா, நீ மேக்கப் வேலைக்குப் போன நாளில் இருந்து இதோடைதானே சண்டை பிடிச்சனி? உன்ர முதல் டெனிஷ் டிவி நாடகத்தில் நர்ஸாய் நடிக்க ஒரு சோமாலியப் பிள்ளை வந்ததெண்டும், அங்கை இருந்த பெட்டியில் அவளுக்குப் பொருந்திற நிறம் ஒண்டுமே இல்லையெண்டும் சொன்னனி. லைட்டுக்குக் கீழை முகம் சாம்பல் பூசினமாதிரித் தெரிஞ்சதாம். சின்ன வேஷம்தானே, விடு எண்டினமாம். நீ விடேல்லை. உன்ர கைப்பையில் கிடந்ததுகளை எடுத்துப் புறங்கையில் வைச்சுக் கலந்து, அவளின்ர கழுத்தும் முகமும் ஒரே நிறமாய் வருமட்டும் கதிரையை விட்டு எழும்ப விடேல்லை. டைரக்டர் வெளியில் நிண்டு கத்தினாராம். "கத்தட்டும்" எண்டனியாம். அதுக்குப் பிறகு பெரிய படங்களுக்கும் உன்னைத்தான் தேடிக் கூப்பிட்டவை.

அந்த நாடகங்கள் ஒண்டையும் அம்மா இங்கை என்ர வீட்டில் இருந்து பாக்காமல் விட்டதில்லை. டெனிஷ் ஒரு சொல்லும் விளங்காது, கதை ஓடேக்கை நல்ல நித்திரை. கடைசியில் பெயர்கள் ஓடேக்கை மட்டும் எழும்பி, உன்ர பெயரைப் பாக்கக் கண்ணாடியைப் போடுவா.

அதே அம்மாதான் நேற்று, "விடு பிள்ளை, கடைசிப் படம், வெள்ளையாய் வடிவாய் இருக்கட்டுமே," எண்டா. வந்த கோபத்தில் நான் உன்ர கலியாணத்தை இழுத்துவிட்டன். மணவறையில் பவுடர் வேர்வையோடை வழிஞ்சு, முகம் ஒரு நிறம், கழுத்து ஒரு நிறமாய் நீ இருந்தது எனக்கு மறக்குமோ?

"அப்பினது நான்தான்," அம்மா மெல்லச் சொன்னா. "பிடிக்கேல்லை எண்டு அவள் ஒருநாளும் எனக்குச் சொல்லேல்லையே."

"வேறை என்னத்தையம்மா அவ இவ்வளவு வருசமாய்த் தன்ர வேலையால் சொன்னவ?"

அம்மா எழும்பிக் குசினிக்குள்ளை போனா. நானும் அறைக்குள்ளை போய் அழுதன். சொல்லாமல் விட்டிருக்கலாமோ? நீ இருந்தால் என்னைத்தான் ஏசியிருப்பாய்.

இண்டைக்குக் காலமை பாத்தால், அம்மா சப்பாத்தைப் போட்டுக்கொண்டு வாசலில் நிக்கிறா. தானும் அச்சகத்துக்கு வரவேணுமாம்.

இங்கை வந்து நிண்ட நேரம், உன்ர புறங்கையை என்ர கையோடை சேர்த்து வைச்சு, "எங்கள் ரெண்டு பேருக்கும் ஒரே நிறம், ஒரே கலவை காணும்" எண்டனி. அந்தக் கையோடைதான் போறன். மெஷினில் இருந்து வாற முதல் தாளுக்குப் பக்கத்தில் அதை வைப்பன். உன்ர முகம் என்ர கையின்ர நிறத்துக்கு வருமட்டும் மிச்சத்தை அடிக்க விடமாட்டன். அண்ணை கத்தினால் கத்தட்டும்.

உன்ர நிறத்திலேயே பிறந்த தங்கச்சி,
சுபா